நான்காவது தடையுத்தரவு

அந்த வீட்டுக்கான முதலாவது தடையுத்தரவைச் சிவபாதம் கொண்டுபோனது 1963ஆம் ஆண்டு மாசி மாதத்தில். திருகோணமலைக் கோட்டில், நீதிமன்றக் கட்டளைகளைச் சேர்ப்பிக்கும் அலுவலகமான பிஸ்கால் கந்தோரில், கட்டளைச் சேவகர் அவர். கோட்டிலிருந்து புறப்படும் தாளை உரியவர் கையில் கொடுத்து, கையெழுத்து வாங்கி, இன்னாருக்கு இன்ன நாளில் கொடுத்தேன் என்று சத்தியக் கடதாசி எழுதிக் கொடுப்பதுதான் வேலை. இருபத்திரண்டு வருடமாகச் செய்கிறார். இந்த வேலையில் மனிதர்கள் ஒளிவார்கள், நாயை அவிழ்த்து விடுவார்கள், செத்துப்போய்விட்டதாகக்கூடச் சொல்லுவார்கள். அதெல்லாம் அவருக்குப் பழக்கம். லெஸ்லிதான் பழக்கமில்லாதவன்.

வீடு உட்துறைமுகத்தைப் பார்த்தபடி இருந்தது. ஓட்டுக் கூரை, மூன்று அறை, பின்னால் ஒரு பலா. துறைமுகத்தில் பாரந்தூக்கி ஓட்டிய சிறில் கட்டியது. சிறில் இறந்து நாற்பதாம் நாள் கழிய முன்னமே, அவருடைய சித்தப்பா மகன் லெஸ்லி ஓர் உறுதிப் பத்திரத்தோடு வந்து, 'அண்ணன் வீட்டை எனக்கு எழுதித் தந்துவிட்டார்' என்று உள்ளே புகுந்துவிட்டான். சிறிலின் மனைவி அருள்மலர் இரண்டு பிள்ளைகளோடு தமக்கை வீட்டுக்குப் போனாள். கையெழுத்து கள்ளக் கையெழுத்து என்று வழக்குப் போட்டாள். வழக்கு முடியும்வரை லெஸ்லி அந்த வீட்டை விற்கவோ, ஈடு வைக்கவோ, யாருக்கும் எழுதவோ கூடாது என்று கோடு கட்டளையிட்டது. அந்தக் கட்டளைதான் சிவபாதத்தின் பையில் இருந்தது.

லெஸ்லி வெளிவிறாந்தையில் சாய்மனைக் கதிரையில் இருந்தான். எழுந்து வந்து தாளை இரண்டு கையாலும் வாங்கினான்.

"இருங்கோ ஐயா. தேத்தண்ணி குடிச்சிட்டுப் போகலாம்."

"கையெழுத்தைப் போடும். எனக்கு இன்னும் ஆறு இடம் கிடக்கு."

"போடுறன். ஆனா இதில ஒரு பிழை இருக்கு ஐயா. இந்த வீடு இப்ப என்ர இல்லை. போன செவ்வாய்க்கிழமை மச்சான் றொபேட்டுக்கு எழுதிக் குடுத்திட்டன்."

"அப்ப நீர் ஏன் இஞ்ச இருக்கிறீர்?"

"வாடகைக்கு," என்றான் லெஸ்லி.

மனுப் போட்டது திங்கட்கிழமை. கட்டளை வந்தது வெள்ளிக்கிழமை. இடையில் ஒரு செவ்வாய்க்கிழமை இருந்தது. அது போதுமாக இருந்தது. கோட்டு விறாந்தையில் ஒருவர் தும்மினால் மறுநாள் மீன் சந்தையில் கதைப்பார்கள். மனுப் போட்ட சேதி லெஸ்லிக்குப் போகாமலா இருக்கும்?

அருள்மலர் மீண்டும் மனுப் போட்டாள், இந்தமுறை றொபேட்டின் பெயருக்கு. தவணை, தள்ளிய தவணை, அதற்கும் பிறகு ஒரு தவணை. சித்திரை முடிவில் சிவபாதம் தாளோடு றொபேட் வேலை செய்த பேக்கரிக்குப் போனார். றொபேட் மாக் கையைத் துடைத்துக்கொண்டு வந்தான்.

"நான் அதைத் தோப்பூர் ஸெய்னுதீனுக்குக் குடுத்திட்டனே. அத்தான் உங்களுக்குச் சொல்லேல்லையோ?"

அன்று பின்னேரம் அருள்மலர் கோட்டு வாசலில் அவரை மறித்துக்கொண்டாள். மெலிந்த பெண். வெயிலில் நடந்து வந்ததில் முகம் கறுத்திருந்தது.

"ஐயா, நீங்கள் கொஞ்சம் கெதியாப் போயிருக்கக் கூடாதோ?"

"பிள்ளை, கோடு தாள் தந்தது நேற்று. நான் குடுத்தது இண்டைக்கு. அவன் எழுதினது போன கிழமை. நான் என்ன, நாளைப் பின்னுக்கு இழுக்கிறதோ?"

"வழக்கு நடக்குதெண்டு காணிக் கந்தோரில பதிஞ்சிட்டால் ஆரும் வாங்க ஏலாது எண்டு எனக்கு வழக்குப் பேசுற பிரக்கிராசி சொன்னவர்."

"அப்ப பதியேல்லையோ?"

"பதிஞ்சது. அவற்ர கிளாக்கர் பக்கத்துக் காணிக்குப் பதிஞ்சுபோட்டார்."

சிவபாதம் பையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டார். குடையை விரித்துக்கொண்டு நடந்தார். தாளைக் கொடுப்பது மட்டும்தான் தன் வேலை, அதில் என்ன எழுதியிருக்கிறது என்பது மற்றவர்கள் பாடு என்று இத்தனை வருடமும் தனக்குத்தானே சொல்லி வந்தவர். அன்று பாலையூற்றில் தன் வீட்டுக்கு வந்து சேரும்வரை அதையே சொல்லிப் பார்த்தார். எரிச்சல் குறையவில்லை.

மூன்றாவது தாள் ஆடி மாதத்தில். மூதூருக்குக் கடல்வழியே லோஞ்சு, அங்கேயிருந்து தோப்பூருக்கு பஸ். லோஞ்சில் ஆட்டுக்குட்டிகளோடும் மாச் சாக்குகளோடும் ஒன்றேகால் மணித்தியாலம். பஸ் வழியில் ஒருமுறை நின்று, எல்லோரையும் இறக்கித் தள்ளச் சொன்னது. ஐம்பத்து மூன்று வயதில், வாதம் பிடித்த முழங்காலோடு, சிவபாதமும் தள்ளினார்.

ஸெய்னுதீன் தோப்பூர்ச் சந்தைக்குப் பக்கத்தில் சைக்கிள் திருத்துகிறவர். ஒரு சில்லைத் தண்ணீர்த் தொட்டிக்குள் அமுக்கி ஓட்டை தேடிக்கொண்டிருந்தார். சிவபாதம் சொன்னதை முழுக்கக் கேட்டார். பிறகு கையைத் தண்ணீரிலிருந்து எடுத்தார்.

"எனக்கு வூடா? திருக்கோணமலையிலயா?"

"உங்கட பேரில உறுதி இருக்கு. நீங்கள் கையெழுத்து வச்சிருக்கிறீங்கள்."

"கையெழுத்து வச்சன், ஓம். டயர் வாங்க அங்க வந்த நேரம் அந்த லெஸ்லி கூப்பிட்டுப் போனான். கலியாணப் பதிவு ஒண்டுக்குச் சாட்சி வேணுமெண்டான். மூணு தாளில வச்சன்."

"மாப்பிள்ளை பொம்பிளை நிண்டவையோ?"

"இல்ல. பிந்தி வருவாங்க எண்டான்." ஸெய்னுதீன் யோசித்தார். "அப்ப ஐயா, நான் அந்த வூட்ட ஒருக்கா வந்து பாக்கலாமா?"

"விக்கக் கூடாது, ஈடு வைக்கக் கூடாது, எழுதக் கூடாது எண்டுதான் கட்டளை. பாக்கக் கூடாதெண்டு ஒண்டும் இல்லை," என்று சிவபாதம் கையெழுத்து வாங்கிக்கொண்டார். மூன்று தாளில் ஒன்று உறுதி. மற்ற இரண்டும் என்ன என்று கேட்க வாய் வந்தது. கேட்பது அவருடைய வேலை இல்லை. கேட்காமலே பஸ் ஏறினார்.

புரட்டாதியில் ஒருநாள் காலை கோட்டு றெஜிஸ்திரார் அவரைத் தன் அறைக்குக் கூப்பிட்டு, கதிரையில் இருக்கச் சொன்னார். இருபத்திரண்டு வருடத்தில் அந்த அறையில் அவரை யாரும் இருக்கச் சொன்னதில்லை.

"அந்தத் துறைமுக வீடு திரும்பவும் கைமாறியிருக்கு. இதை வேற ஆளிட்டக் குடுத்து விடலாம் எண்டு பாத்தன். ஒருத்தர் காய்ச்சல், மற்றவர் கந்தளாயில. நாளைக்குள்ள சேர்ப்பிக்க வேணும். கோவிக்காதையும்."

சிவபாதம் தாளை வாங்கிப் படித்தார். நான்காம் எதிராளி: சிவபாதம் மனைவி இரத்தினேஸ்வரி, பாலையூற்று.

"இது வேற ஆரோ," என்றார்.

"பாலையூற்றில எத்தனை சிவபாதம் இருக்கினம்?"

"நான் ஒருத்தன்தான்."

றெஜிஸ்திரார் மேசையிலிருந்த பேனையை எடுத்து மறுபடி வைத்தார். சிவபாதம் எழும்பித் தாளைப் பையில் போட்டுக்கொண்டு வெளியே வந்தார்.

வீட்டுக்குப் போனபோது இரத்தினேஸ்வரி குசினி வாசலில் இருந்து அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். மகள் இராசமலர் உள்ளே தைத்துக்கொண்டிருந்தாள். மத்தியானத்தில் வந்த கணவனைக் கண்டு மனைவி சுளகை வைத்தாள்.

"வெருகல் வயலை என்ன செய்தனீ?" என்று கேட்டார்.

வீடு வாங்க அவளிடம் இருந்தது அந்த வயல் ஒன்றுதான். அது அவளுடைய தாய்வழிச் சீதனக் காணி, நாலு ஏக்கர், ஆற்றுப் பாய்ச்சல்.

"தைக்குள்ள சொல்லுவம் எண்டு இருந்தனான். மாப்பிள்ளை வீட்டுக்காரர் வீடு கேக்கினம். இரண்டு வருசமா உங்களிட்டச் சொல்லுறன். ஒரு வீட்டைக் காட்டினால் காணிப் பதிவுத் தோம்பு பாக்கவேணும் எண்டுவீங்கள். இன்னொண்டைக் காட்டினால் எல்லை பிழை எண்டுவீங்கள். பிள்ளைக்கு இருபத்தாறு. அதுதான் நானே வயலைக் குடுத்து வீட்டை மாத்தினனான். துறைமுகத்தைப் பாத்த வீடு. நல்ல ஓடு."

"பலா ஒண்டு நிக்கும்."

"ஓம். உங்களுக்கு எப்பிடித் தெரியும்?"

"ஆர் இந்த வீட்டைக் காட்டினது?"

"லெஸ்லி எண்ட பொடியன். தோப்பூர் ஆள் ஒருத்தற்ர வீடாம், அவர் எழுதிக் குடுக்கச் சொல்லி இவனுக்கு அற்றோணித் தத்துவம் குடுத்திருக்கிறார். உங்களை நல்லாத் தெரியுமாம். 'ஐயா எங்கட வீட்டுக்கு வந்து போறவர்' எண்டான்."

சிவபாதம் திண்ணைக் கட்டையில் இருந்தார். ஸெய்னுதீன் கையெழுத்து வைத்த மூன்று தாளில் மற்ற இரண்டும் என்ன என்று இப்போது விளங்கியது: அற்றோணித் தத்துவமும் அதன் பிரதியும். ஸெய்னுதீனுக்குப் பதிலாக எந்தக் காணியையும் எழுதிக் கொடுக்க லெஸ்லிக்கு அதிகாரம்.

"வழக்கு ஏதும் இருக்கோ எண்டு கேட்டனீயோ?"

"கேக்காமல் இருப்பனோ? கோட்டுச் சீல் குத்தின கடதாசி காட்டினவன். றொபேட் எண்டவருக்குப் போட்ட தடை நீங்கிட்டுது எண்டு இருந்தது. அந்தச் சீலிலதானே இவ்வளவு நாளும் நாங்கள் சோறு தின்னுறம். நம்பினன்."

கடதாசி பொய் இல்லை. வீடு கைமாறியதால் றொபேட்டின் பெயருக்கான தடையைக் கோடு நீக்கித்தான் இருந்தது.

"அந்த வீட்டுக்கு நான் மாசியிலயிருந்து மூண்டு தாள் கொண்டு போயிருக்கிறன்," என்றார் சிவபாதம். "நாலாவது இது." பையிலிருந்து எடுத்து நீட்டினார்.

இரத்தினேஸ்வரி தாளையும் பார்த்தாள், அவரையும் பார்த்தாள்.

"மாசியிலயிருந்து தெரியுமோ?"

"ஓம்."

"ஒருக்கால் வாய் திறந்து சொல்லியிருக்கலாமே. லெஸ்லி எண்டு ஒருத்தன், துறைமுகத்தடியில ஒரு வீடு எண்டு."

"கோட்டு விசயம் வெளியில கதைக்கக் கூடாது."

"நான் வெளியோ?"

அவள் சுளகை எடுத்துக்கொண்டு குசினிக்குள் போனாள். தாள் அவருடைய கையிலேயே இருந்தது. வாங்க மறுத்தால் கேட்கும் தூரத்தில் நின்று முழுவதையும் வாசிக்கவேண்டும் என்பது விதி. சிவபாதம் மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குசினி வாசலில் நின்று வாசித்தார். இராசமலர் தையலை விட்டுவிட்டு வந்து கதவடியில் நின்றாள். அடுப்பில் உலை கொதித்தது. அவர் நீதிமன்றத்தின் பெயரிலிருந்து தொடங்கி, வழக்கு இலக்கம், எல்லைகள், வடக்கே வீதி, கிழக்கே இன்னாருடைய வளவு என்று ஒரு சொல்லும் விடாமல் வாசித்தார். முடிவில் சோறு அடிப்பிடித்த மணம் வந்தது.

"கடைசி வரியை இன்னொருக்காப் படியுங்கோ," என்றாள் மனைவி உள்ளேயிருந்து.

"தாமாகவோ, தம் சார்பில் வேறு எவர் மூலமாகவோ..."

அவள் வெளியே வந்து பேனையை வாங்கிக் கையெழுத்துப் போட்டாள். சோற்றை மட்டும் போட்டு வைத்தாள், கருகின பக்கமாகப் பார்த்து.

லெஸ்லி தற்செயலாக அவளிடம் போகவில்லை என்பது ஐப்பசித் தவணையில் தெரிந்தது. அவனுடைய பிரக்கிராசி எழும்பி, சேவகர் தன் சொந்த மனைவிக்குத் தானே கொடுத்த தாளைச் சேர்ப்பித்த தாளாக எடுக்க முடியாது, புதிதாக மனுப் போட வேண்டும் என்றார். இன்னொரு நாலு மாதம். அதற்குள் இன்னொரு கை. பின்வரிசை வாங்கில் இருந்த அருள்மலர் தலையைக் கையில் தாங்கிக்கொண்டாள்.

நீதிபதி இரத்தினேஸ்வரியைச் சாட்சிக் கூட்டுக்குக் கூப்பிட்டார். "அம்மா, உங்களுக்கு இந்தத் தாள் கிடைத்ததா?"

"கிடைச்சது ஐயா. குசினி வாசலில நிண்டு எல்லை எல்லாம் படிச்சவர். உலை கருகினது."

கோட்டில் சிலர் சிரித்தார்கள். சிவபாதம் தரையைப் பார்த்தார்.

"வீட்டை யார் எழுதித் தந்தது?"

"அந்தா இருக்கிறவர்." லெஸ்லியைக் காட்டினாள். "தோப்பூர் ஆளை நான் கண்டதும் இல்லை. உறுதி எழுதுற நொத்தாரிசு முன்னால கையெழுத்து வச்சது இவர். என்ர வயலை எழுதி வாங்கினதும் இவர்தான்."

நீதிபதி உறுதியை வாங்கி நீண்ட நேரம் பார்த்தார். முதல் தடையுத்தரவு லெஸ்லியின் பெயருக்கு. அதை யாரும் நீக்கவில்லை. றொபேட்டுக்கு எழுதியது தாள் கிடைக்க முன்னம் என்று அவன் தப்பியிருந்தான். ஆனால் இரத்தினேஸ்வரியின் உறுதியில், தாள் கிடைத்து ஆறு மாதத்துக்குப் பிறகு, அதே வீட்டை எழுதிக் கொடுத்தது அவனுடைய கை. யாருக்குப் பதிலாக என்று எழுதினாலும் கை அவனுடையது. ஸெய்னுதீனும் அன்று வந்திருந்தார். கலியாணச் சாட்சிக் கதையைச் சொன்னார். மாப்பிள்ளை பொம்பிளையைத் தான் இன்னும் காணவில்லை என்றும் சொன்னார்.

கோட்டை அவமதித்ததற்காக லெஸ்லிக்கு ஒரு மாத மறியல் தண்டனை. வழக்கு முடியும்வரை அருள்மலர் வீட்டில் இருக்கலாம் என்று கட்டளை. அவள் எழும்பி நின்றாள். என்ன செய்வதென்று தெரியாமல் மறுபடி இருந்தாள்.

இரத்தினேஸ்வரி சாட்சிக் கூட்டிலிருந்து இறங்கவில்லை. "ஐயா, வீடு இவவுக்கு. சரி. என்ர வயல்?"

"அது வேறு வழக்கு, அம்மா," என்றார் நீதிபதி.

அப்படியாக இரத்தினேஸ்வரியும் வழக்காளியானாள். சிவபாதம் உதவ வந்தபோது, "நீங்கள் தாளைக் குடுங்கோ, மிச்சத்தை நான் பாக்கிறன்" என்றாள். வழக்குப் போட்ட அன்றே காணிக் கந்தோருக்குப் போய், வெருகல் வயலின் பக்கத்தில் வழக்கைப் பதியச் சொல்லி, பதிகிற கிளாக்கரின் தோளுக்குப் பின்னால் நின்று இலக்கத்தைத் தானே வாசித்துப் பார்த்தாள். இரண்டு நாள் போனாள். கிளாக்கர் மூன்றாம் நாள் கெஞ்சிக் கேட்டபிறகுதான் விட்டாள்.

வயலுக்கான தடையுத்தரவை மறியல்சாலைக்கே கொண்டுபோகலாம் என்பது சிவபாதத்துக்கு ஓர் ஆறுதல். லெஸ்லி எங்கே இருப்பான் என்று இந்த ஒரு தடவையாவது நிச்சயமாகத் தெரியும். லெஸ்லி கம்பிக்குப் பின்னால் நின்று, வழக்கம்போல இரண்டு கையாலும் வாங்கினான்.

"ஐயா, பிந்திட்டீங்கள். வயலை வெருகல் இராசநாயகத்துக்கு எழுதிக் குடுத்திட்டன்."

சிவபாதம் கம்பியைப் பிடித்துக்கொண்டார். "லெஸ்லி, உமக்கு அலுப்பு வாறதில்லையோ?"

"எனக்கென்ன அலுப்பு? நடக்கிறது நீங்கள்தானே," என்றான் அவன், கோபமில்லாமல்.

மார்கழி மழைக்குள் இராசநாயகத்தின் பெயருக்கு ஆறாவது தாள் எழுதி வந்தது. இரத்தினேஸ்வரியும் கூடப் புறப்பட்டாள். மூதூர் லோஞ்சு ஆடிய ஆட்டத்தில் இருவரும் ஒரே குடையைப் பிடித்துக்கொண்டு நனைந்தார்கள். வெருகல் பஸ் ஒரு மதகடியில் நின்றுவிட்டது, மிச்ச இரண்டு மைல் நடை. வயலில் பயிர் முழங்காலளவு பச்சையாக நின்றது. இராசநாயகம் வரம்பில் மண்வெட்டியோடு நின்றார். அறுபது வயது, சேற்றில் ஊறின கால்.

சிவபாதம் தாளை எடுத்தார். அவர் வாய் திறக்க முன்னம் இரத்தினேஸ்வரி கேட்டாள்: "அண்ணை, உங்கட உறுதியைக் காணிக் கந்தோரில பதிஞ்சாச்சோ?"

"இன்னும் இல்லைப் பிள்ளை. அறுப்பு முடியப் போவம் எண்டு இருந்தனான். ஏன்?"

அவள் வரம்பில் குந்தியிருந்து முழுவதையும் சொன்னாள். துறைமுக வீடு, றொபேட், சைக்கிள்காரர், தன்னுடைய ஏமாளித்தனம், எல்லாம். தன் வழக்கு பதியப்பட்டுவிட்டது, அவருடைய உறுதி பதியப்படவில்லை. கோட்டில் பதிவு முந்தினவருக்குத்தான் பலம் என்றாள். இராசநாயகம் மண்வெட்டிப் பிடியில் நாடியை வைத்துக்கொண்டு கேட்டார். கடைசியில் லெஸ்லியைப் பற்றி ஒரு சொல் சொன்னார். அது கட்டளைத் தாளில் எழுதக்கூடிய சொல் அல்ல.

"வழக்காடினால் எத்தனை வருசம் போகும்?" என்று சிவபாதத்தைக் கேட்டார்.

"அஞ்சு எண்டாலும் போகும். பத்தும் போகும்."

"இந்தப் போகத்தை நீங்கள் வெட்டுங்கோ," என்றாள் இரத்தினேஸ்வரி. "விதை உங்கட, பாடும் உங்கட. மூதூர் நொத்தாரிசிட்ட வந்து வயலை என்ர பேருக்குத் திருப்பி எழுதித் தாங்கோ. லெஸ்லியிட்ட நீங்கள் குடுத்ததுக்கு வழக்குப் போடுறதெண்டால் நான் வந்து சாட்சி சொல்லுவன். எனக்கு இப்ப அது பழக்கம்."

"தடையுத்தரவு இருக்கேக்க எழுதக் கூடாது," என்றார் சிவபாதம். "முதல் கோட்டில ஒரு மனுப் போட்டு, இரண்டு பக்கமும் சம்மதம் எண்டு..."

மனைவி திரும்பி அவரைப் பார்த்தாள். இராசநாயகமும் பார்த்தார். சிவபாதம் நிறுத்திக்கொண்டார். ஆனால் அவர் சொன்னது சரிதான். சம்மத மனுவுக்கு மட்டும் மூன்று தவணை போனது. அவர்கள் திருப்பி எழுதிக்கொண்டபோது இராசநாயகம் நெல்லை வெட்டி, சூடடித்து, மூட்டையும் கட்டிவிட்டார். இரண்டு மூட்டையை மாட்டு வண்டியில் பஸ் நிற்கும் இடம்வரை அனுப்பிவைத்தார்.

அந்த மார்கழி நாளில் வரம்பில் கடைசியாக ஒன்று மிச்சம் இருந்தது. சிவபாதம் நனைந்த தாளை விரித்துப் பிடித்தார், இராசநாயகம் சேற்று விரலால் கையெழுத்துப் போட்டார். சிவபாதம் தன் முழங்காலைச் சிறிது நேரம் தேய்த்துவிட்டு எழும்பினார்.

இராசமலரின் கலியாணம் அடுத்த ஆனியில் நடந்தது. வீடு இல்லை, வயல்தான் என்றபோது மாப்பிள்ளையின் தாய் ஒரு மாதம் முகத்தைத் தூக்கி வைத்திருந்தாள். மாப்பிள்ளைக்கு வயல் பிடித்திருந்தது. அருள்மலரின் வழக்கு 1967இல் அவள் பக்கம் தீர்ந்தது. லெஸ்லி கொழும்புக்கு மேன்முறையீடு எடுத்தான். அந்த அறிவித்தலைக் கொண்டுபோனதும் சிவபாதம்தான். அருள்மலர் அதை வாங்கி, வாசலிலேயே நின்று இரண்டு தரம் படித்தாள். பிறகு பலாவில் பழுத்த ஒரு பழத்தைப் பறித்து அவர் கையில் கொடுத்து, "இரத்தினேஸ்வரி அக்காவைக் கேளுங்கோ, திரும்பவும் சாட்சிக்கு வருவாவோ எண்டு" என்றாள்.

"அவ உடுத்திக்கொண்டு நிப்பா," என்றார் சிவபாதம்.